கலைத்துப் போட்ட சீட்டு

பழகிய ஊர் ஒன்றை நினைத்துக் கொள்ளுங்கள். எந்தத் தெருவில் யார் இருக்கிறார்கள், எந்த மூலையில் எந்தக் கடை, எந்த வீட்டு நாய் கடிக்கும், எது வெறுமனே குரைக்கும் என்பதெல்லாம் உங்களுக்கு அத்துபடி. ஒரு நாள் காலையில் எழுந்து தெருவில் இறங்குகிறீர்கள். தெருக்கள் அப்படியே இருக்கின்றன. வீடுகள் அப்படியே இருக்கின்றன. குளமும் கோயிலும் இருந்த இடத்தில்தான் இருக்கின்றன. ஆனால் ஆட்கள் மாறிவிட்டார்கள்! தபால்காரர் நிற்க வேண்டிய இடத்தில் யானைப் பாகன் நிற்கிறான். பால்காரி வரும் நேரத்தில் போலீஸ் இன்ஸ்பெக்டர் செம்பும் கையுமாக வருகிறார். சாதுவான நாய் படுத்திருந்த திண்ணையில் ஒரு சிறுத்தை படுத்திருக்கிறது.

இப்படிப்பட்ட ஊருக்குள் வேண்டுமென்றே போய்த் தலையைக் கொடுக்கும் ரசிகர்கள் இன்று பல தேசங்களிலும் இருக்கிறார்கள். அவர்கள் போகும் ஊர் பூகோளப் படத்தில் இல்லை. வீடியோ விளையாட்டுக்குள் இருக்கிறது. விந்தைப் பிராணிகளைப் பிடித்துச் சேர்க்கும் 'போக்கிமான்' ஆட்டத்தை எடுத்து, எந்தப் பிராணி எங்கே இருக்க வேண்டும் என்ற ஏற்பாட்டையெல்லாம் ஒரு கம்ப்யூட்டர் புரோகிராமைக் கொண்டு சீட்டுக் கட்டைப்போலக் கலைத்துவிட்டு, அதன் பிறகு ஆடுகிறார்கள். அந்தப் புரோகிராமுக்கு 'ராண்டமைசர்' என்று பெயர்.

"இது கிறுக்குத்தனம்" என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். "இது கம்பெனியின் சொத்தில் கை வைப்பது" என்று சட்டம் அறிந்தவர்கள் சொல்கிறார்கள். நமக்கு இரண்டு அபிப்பிராயமும் சரியென்று படவில்லை. கலைத்துப் போட்டு ஆடுகிறவர்கள் அந்த ஆட்டத்தைக் கெடுக்கவில்லை. அது தொலைத்துவிட்ட உயிரை அதற்குத் திருப்பிக் கொடுக்கிறார்கள். அவர்களைக் கொல்லைப்புற வழியாக நடக்கவிடாமல், வாசற்கதவைத் திறந்துவிடுவது கம்பெனியின் கடமை என்பது நம் கருத்து. எப்படி என்று சொல்லுகிறோம்.

இந்த ஆட்டத்தைப் படைத்தவர் ஜப்பானியரான சடோஷி டஜிரி. 1965இல் பிறந்தவர். டோக்கியோவுக்கு அருகிலுள்ள மச்சிடா என்னும் ஊரில் வளர்ந்தார். பிள்ளைப் பருவத்தில் அவருக்குப் பூச்சி பிடிப்பதில் அசாத்தியப் பிரியம். குட்டை, வயல், புதர் என்று ஒன்றையும் விடமாட்டார். கூட்டாளிகள் அவருக்குப் 'பூச்சி டாக்டர்' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். நாளடைவில் நகரம் வளர்ந்தது. குட்டைகள் தூர்ந்தன, வயல்கள் வீடுகளாயின. கல்லைப் புரட்டினால் கீழே என்ன இருக்குமோ என்று நெஞ்சு படபடக்கும் அந்த அனுபவம் பின்னால் வந்த பிள்ளைகளுக்குக் கிடைக்காமல் போயிற்று. அதை ஒரு சிறு பெட்டிக்குள் வைத்துக் கொடுக்க வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார். 1996 பிப்ரவரி 27ஆம் தேதி, கேம் பாய் என்னும் கையடக்க விளையாட்டுப் பெட்டிக்காக 'சிவப்பு', 'பச்சை' என்று இரண்டு ஆட்டங்கள் ஜப்பானில் வெளிவந்தன. அவற்றில் இருந்த பிராணிகள் மொத்தம் 151. இரண்டு பெட்டிகளை ஒரு கம்பியால் இணைத்து, உன்னிடம் இருப்பதை எனக்குக் கொடு, என்னிடம் இருப்பதை நீ வாங்கிக் கொள் என்று பண்டமாற்றுச் செய்து கொள்ளலாம்.

உலகமே சொக்கிப் போயிற்று. அதுபற்றி விஸ்தரிக்க வேண்டியதில்லை. 2022இல் இந்தப் பிராணிகளின் எண்ணிக்கை ஆயிரத்தைத் தாண்டியது என்று சொன்னால் போதும்.

ஆனால் ஒரு சங்கடம் நேர்ந்தது. ஆச்சரியத்துக்காகவே உண்டாக்கப்பட்ட ஆட்டம், மனப்பாடப் பாடமாக மாறிவிட்டது!

முதல் ஆட்டத்தையே எடுத்துக் கொள்வோம். சிறுவன் ஊரைவிட்டுக் கிளம்பும்போது ஓக் என்னும் பேராசிரியர் மூன்று பிராணிகளில் ஒன்றை எடுத்துக் கொள்ளச் சொல்கிறார். ஒன்று தாவர ஜாதி; ஒன்று நெருப்பு; ஒன்று தண்ணீர். முதலில் எதிர்ப்படும் ஜிம் தலைவன் ப்ராக், கற்பாறைப் பிராணிகளை வைத்திருப்பவன். எனவே நெருப்புக் குட்டியான சார்மாண்டரை எடுத்தவன் அங்கே திண்டாடுவான். தாவரக் குட்டியான புல்பசாரை எடுத்தவன் சுலபமாக ஜயிப்பான். இது முதல் தடவை ஆடுகிற பிள்ளைக்குத் தெரியாது. தெரியாததனால்தான் அது ஆட்டம். இரண்டாம் தடவை தெரியும். பத்தாம் தடவை தூக்கத்தில் கேட்டாலும் சொல்லுவான். முதல் பாதையில் புறாவைப் போன்ற பிட்ஜியும், எலியைப் போன்ற ராட்டட்டாவும் தவிர வேறொன்றும் வராது. மலைக்கு அருகில் ஓர் ஆள் 500 பணம் வாங்கிக் கொண்டு மாஜிகார்ப் என்னும் உதவாக்கரை மீனை விற்பான். துள்ளிக் குதிப்பதைத் தவிர அதற்கு அப்போது ஒரு வித்தையும் தெரியாது. அந்தத் துள்ளலினால் எதிரிக்கு ஒரு கீறலும் விழாது. ஆனால் பொறுமையுடன் வளர்த்து 20ஆம் படிக்குக் கொண்டுவந்தால் கியாரடோஸ் என்னும் பயங்கர சர்ப்பமாக உருவெடுக்கும். எத்தனை அழகான கற்பனை! முதல் தடவை அதைக் கண்ட பிள்ளை துள்ளிக் குதித்திருப்பான். இன்றோ, ஆட்டத்தைத் தொடுவதற்கு முன்பே அந்த ரகசியம் அவன் காதில் விழுந்துவிடுகிறது.

"ஆட்டத்தில் முன்பே குலுக்கல் இருக்கிறதே, புல்லுக்குள் நடந்தால் எது வரும் என்று யாருக்குத் தெரியும்?" என்று கேட்கலாம். உண்மைதான். ஆனால் அந்தக் குலுக்கலின் சூட்சுமத்தைக் கொஞ்சம் பாருங்கள். முதல் தலைமுறை ஆட்டத்தில் ஒவ்வொரு புல்வெளிக்கும் பத்து இடங்கள் உள்ள ஒரு பட்டியல் உண்டு. முதல் இரண்டு இடங்களுக்கும் நூற்றுக்குச் சுமார் இருபது பங்கு வீதம் வாய்ப்பு, மூன்றாவதற்குப் பதினைந்து, அப்படியே இறங்கிக் கொண்டு போய், பத்தாவது இடத்துக்கு நூற்றில் ஒன்று. குலுக்கிப் போடுவது என்னவோ மெய்தான். ஆனால் குடத்துக்குள் இருக்கும் சீட்டுகளில் என்னென்ன பெயர் எழுதியிருக்கிறது என்று ஊருக்கெல்லாம் தெரியும்! முதல் பாதையின் குடத்தில் பத்துச் சீட்டிலும் பிட்ஜி, ராட்டட்டா என்றே எழுதியிருந்தால், எத்தனை குலுக்கி என்ன ஆகப்போகிறது?

ராண்டமைசர் செய்வது இதுதான்: சீட்டுகளில் உள்ள பெயர்களை அழித்துவிட்டு வேறு பெயர்களை எழுதுகிறது. சர்வதேசப் பதிப்பான சிவப்பு ஆட்டம் முழுவதும் ஒரு மெகாபைட்டுக்குள் அடங்கியது. இன்றைய கைப்பேசியில் எடுக்கும் ஒரு புகைப்படமே அதைவிடப் பெரிதாக இருக்கும்! அந்தச் சிறிய இடத்துக்குள் ஒவ்வொரு பிராணிக்கும் ஓர் எண் உண்டு. (கார்ட்ரிட்ஜுக்குள் எண் 1 யாருக்குத் தெரியுமா? உலகப் புகழ் பெற்ற பிகாச்சுவுக்கு அல்ல. ரைடான் என்னும் காண்டாமிருகத்துக்கு.) பட்டியலில் உள்ள எண்ணை மாற்றினால் பிராணி மாறிவிடும், அதன் படி மட்டும் பழையபடியே இருக்கும். ஆகையால், மூல ஆட்டத்தில் எல்லாரையும் ஜயித்த பிறகு ஒரு குகையின் அடியில் 70ஆம் படியில் காத்திருக்கும் மியூடூ என்னும் மகா சக்தி படைத்த பிராணி, முதல் பாதைப் புல்லிலே மூன்றாம் படிக் குழந்தையாக வந்து நிற்கக்கூடும். பிடித்துவிடலாம் என்று கையிலிருக்கும் பந்தை எறிந்தால் நடக்காது. பிடிபடும் எளிமைக்கும் ஓர் எண் உண்டு: பிட்ஜிக்கு 255, மியூடூவுக்கு 3. லட்சுமி வாசலுக்கு வந்தும் உள்ளே வரமாட்டேன் என்கிறாள்!

யுனிவர்சல் போக்கிமான் ராண்டமைசர் என்னும் புரோகிராம் இவ்வகையில் பேர் பெற்றது. சம்பளத்துக்கு அல்ல, ஆட்டத்தின் மேலுள்ள பிரியத்தினால் ரசிகர்கள் எழுதியது அது. கேம் பாய் காலத்திலிருந்து நின்டெண்டோ டி.எஸ். காலம் வரையுள்ள ஐந்து தலைமுறை ஆட்டங்களை அது கலைக்கும். பின்னால் வந்தவர்கள் மேலும் இரண்டு தலைமுறைகளைச் சேர்த்தார்கள். எதை எதைக் கலைப்பது என்பது ஆடுகிறவர் இஷ்டம். காட்டுப் பிராணிகளை மட்டும் கலைக்கலாம். எதிராளிகளின் படையைக் கலைக்கலாம். பிராணியின் ஜாதி, அதன் பலம், அது கற்கும் வித்தை, அது வளர்ந்தால் என்னவாகும் என்பது வரையில் கலைக்கலாம். வலைக் கம்பைத் தோளில் போட்டுக் கொண்டு புழு பூச்சி பிடிக்கும் சின்னப் பையன் காட்டில் உங்களை மறித்து நிறுத்துவான். என்ன புழுவை விடுவானோ என்று பார்த்தால் டிராகனைக் கட்டவிழ்த்துவிடுவான்! 'ஒத்த பலம் உள்ளவற்றை மட்டும் மாற்று' என்று ஒரு கட்டுப்பாடும் விதிக்கலாம். அதன்படி புறாவுக்குப் பதில் ஏறத்தாழப் புறா அளவு பலமுள்ள ஒன்றுதான் வரும். கம்பி இணைத்துப் பண்டமாற்றுச் செய்தாலன்றி வளராத நான்கு பிராணிகள் முதல் ஆட்டத்தில் உண்டு. தனியாக ஆடுகிறவனுக்கு அவை முழு வளர்ச்சி பெறவே மாட்டா. அந்தக் குறையையும் இந்தப் புரோகிராம் நிவர்த்தி செய்துவிடுகிறது.

இங்கே ஒரு நுட்பம் கவனிக்கத் தக்கது. கலைப்பது ஒரே ஒரு தடவைதான். ஆட்டம் தொடங்கிவிட்டால் பிறகு அந்த உலகம் மாறாது. இந்தக் காட்டில் இந்தப் பிராணி என்று விழுந்தால் விழுந்ததுதான். ஆகையால் இது கண்ணை மூடிக் கொண்டு ஆடும் சூதாட்டம் அல்ல. புதிய தேசம் ஒன்றுக்கு முதலில் போய்ச் சேர்ந்தவனைப்போல, நடந்து பார்த்து, அடிபட்டு, குறித்து வைத்துக் கொண்டு கற்க வேண்டியிருக்கிறது. தண்ணீர் நெருப்பை வெல்லும், நெருப்பு தாவரத்தை எரிக்கும் என்ற அடிப்படை ஞானம் அப்படியே பயன்படுகிறது. எந்த முடுக்கில் எது இருக்கும் என்ற மனப்பாடம் மட்டுமே பயனற்றுப் போகிறது. ஒரு பிள்ளைக்கு எது தெரிந்திருக்க வேண்டும், எது தெரிந்திருந்து பிரயோசனமில்லை என்பதைப் பிரித்துக் காட்டுவதற்கு இதைவிட நல்ல பரீட்சை எந்தப் பள்ளிக்கூடத்தில் நடக்கிறது?

இதே நோய்க்கு இதே மருந்தை இதே 1996ஆம் வருஷத்தில் வேறொருவர் சிபாரிசு செய்தார் என்பது ருசிகரமான விஷயம். அவர் 1972இல் உலகச் சதுரங்கச் சாம்பியனான பாபி பிஷர். ஆரம்ப நகர்த்தல்களையெல்லாம் நெட்டுருப் போட்டு ஒப்பிக்கிறார்கள், சிந்தித்து ஆடுகிறவர்கள் குறைந்துவிட்டார்கள் என்பது அவருடைய குறை. அர்ஜென்டினாவின் தலைநகரான போனஸ் அயர்சில் அந்த ஆண்டு ஜூன் மாதம் அவர் ஒரு புதிய முறையை வெளியிட்டார். சிப்பாய்களுக்குப் பின்னால் நிற்கும் காய்களைச் சில விதிகளுக்கு உட்பட்டுக் கலைத்து நிறுத்துவது. யானைகள் இரண்டுக்கும் நடுவே ராஜா இருக்க வேண்டும் என்பது அவ்விதிகளில் ஒன்று. மொத்தம் 960 விதமாக நிறுத்தலாம். சிரித்தவர்கள் பலர். ஆனால் 2019இல் சர்வதேசச் சதுரங்க சம்மேளனம் அந்த முறைக்கு உலகச் சாம்பியன் பட்டத்தை நார்வேயில் நடத்தி அங்கீகாரம் கொடுத்தது. ஒரு மேதை காய்களைக் கலைத்தால் சீர்திருத்தம். பையன்கள் பிராணிகளைக் கலைத்தால் கிறுக்குத்தனமா?

பையன்கள் செய்வதெல்லாம் சரி என்று சொல்ல நாம் வரவில்லை. கலைத்துப் பார்ப்பது, முதலில் வந்த பிராணி மனசுக்குப் பிடிக்கவில்லையென்றால் மறுபடி கலைப்பது, அதுவும் பிடிக்கவில்லையென்றால் மூன்றாம் தடவை கலைப்பது என்று ஒரு கெட்ட பழக்கம் சிலரிடம் இருக்கிறது. இப்படி நல்ல சீட்டு விழும் வரையில் கலைத்துக் கொண்டே இருந்தால் அதற்குப் பேர் ஆட்டம் அல்ல. கடையில் கத்தரிக்காய் பொறுக்குவது. இதற்கு மாற்றாக ரசிகர்களே ஒரு கடுமையான விரதத்தை ஏற்படுத்திக் கொண்டிருக்கிறார்கள். 2010இல் ஒருவர் வரைந்து வெளியிட்ட சித்திரக் கதையிலிருந்து அது பிறந்தது. 'நஸ்லாக்' என்று பெயர். அந்த விரதத்தின்படி ஒவ்வோர் இடத்திலும் முதன்முதல் எதிர்ப்படும் பிராணியை மட்டுமே பிடிக்கலாம். அது சண்டையில் மயங்கி விழுந்தால் செத்ததாகவே கொள்ள வேண்டும். பிறகு அதைத் தொடக்கூடாது. கலைத்த ஆட்டத்தையும் இந்த விரதத்தையும் சேர்த்து ஆடுகிறவர்கள் ஏராளம். முன்பு ஏறெடுத்தும் பாராத ஓர் அற்பப் புழுவை, வேறு கதியில்லாததால் தோளில் தூக்கிப் போட்டுக் கொண்டு, எட்டு ஜிம்களையும் கடந்து, கடைசி நால்வர் முன்னால் போய் நிற்கிறார்கள். அது விழும்போது உண்மையாகவே கண் கலங்குகிறார்கள். சிரிக்க வேண்டாம், சர்க்கஸ் கூடாரத்தில் கம்பியில் நடப்பவன் தவறி விழுந்தால், நமக்கு உறவு என்றா பதறுகிறோம்?

இனி, கொல்லைப்புற விவகாரத்துக்கு வருவோம். ராண்டமைசர் புரோகிராமுக்குள் ஆட்டம் கிடையாது. கலைக்க வேண்டிய ஆட்டத்தின் பிரதியை ஆடுகிறவர்தான் கொடுக்க வேண்டும். தம் சொந்தக் கார்ட்ரிட்ஜிலிருந்து அதற்கென்றுள்ள கருவியைக் கொண்டு பிரதி எடுத்துக் கொள்கிறவர்கள் சிலர். மற்றவர்கள் செய்வது என்ன என்பது உலகறிந்த ரகசியம்: இணையத்தில் யாரோ போட்டு வைத்த திருட்டுப் பிரதியை இறக்கிக் கொள்கிறார்கள். இதை நாம் ஆதரிக்க முடியாது. பலர் பல வருஷம் உழைத்துச் செய்த பொருளைக் காசு கொடுக்காமல் எடுத்துக் கொள்வது தவறு. அதோடு, ஊர் பேர் தெரியாத இடத்திலிருந்து எதையோ இறக்குகிற பையன், ஆட்டத்தோடு சேர்த்து வேறு என்னென்ன விஷக் கிருமியை வீட்டுக் கம்ப்யூட்டருக்குள் அழைத்து வருகிறானோ! நின்டெண்டோ கம்பெனி இப்பிரதிகளைப் பரப்பியவர்கள்மீது சும்மா இருக்கவில்லை. 2018இல் அமெரிக்காவில் இத்தகைய தளம் ஒன்றை நடத்தியவர்கள்மீது வழக்குத் தொடுத்தது. ஒரு கோடியே இருபது லட்சம் டாலருக்கு மேற்பட்ட தொகைக்கு அது முடிந்தது.

கம்பெனியின் உரிமை கம்பெனிக்கு. ஆனால் கதவை இழுத்துச் சாத்திவிட்டு, சுவர் ஏறிக் குதிக்கிறான் என்று புகார் சொன்னால் எப்படி? 2016 பிப்ரவரியில், இருபதாம் ஆண்டு நிறைவை ஒட்டி, முதல் ஆட்டங்களை 3டி.எஸ். என்னும் பெட்டியில் நேர்மையாக விலைக்கு வாங்கிக் கொள்ளும்படி கம்பெனி செய்தது. ஜனங்கள் சந்தோஷமாக வாங்கினார்கள். 2023 மார்ச் 27ஆம் தேதி அந்தக் கடையே மூடப்பட்டது. அந்தப் பெட்டியில் அவற்றைப் புதிதாக வாங்கும் வழி அன்றோடு அடைபட்டது. பழைய கார்ட்ரிட்ஜ்களின் கதி இன்னும் பரிதாபம். ஆடுகிறவன் எட்டிய நிலையை நினைவில் வைத்திருப்பது உள்ளேயிருக்கும் பொத்தான் போன்ற ஒரு சிறு பாட்டரி. இருபது, முப்பது வருஷமானால் அது ஓய்ந்துவிடுகிறது. அத்துடன், பிள்ளைப் பருவத்தில் பாடுபட்டுப் பிடித்த பிராணிகளெல்லாம் ஒரே நாளில் மாயமாய் மறைந்துவிடுகின்றன. அந்தக் கார்ட்ரிட்ஜுக்கு மேலும் ஆயுள் கொடுக்க முன்வந்த ரசிகனைத் திருடனோடு சேர்த்து எண்ணுவது நியாயமாகாது.

கம்பெனி என்ன செய்யலாம்? புதிதாக எதையும் கண்டுபிடிக்க வேண்டியதில்லை. 'பிளட்ஸ்டெயின்ட்' என்ற வேறொரு வீடியோ ஆட்டத்தைச் செய்தவர்கள், 2020ஆம் ஆண்டிலேயே பொருள்களையும் மற்றவற்றையும் கலைத்துப் போட்டு ஆடும் ஏற்பாட்டைத் தாங்களே இலவசமாகச் சேர்த்துக் கொடுத்துவிட்டார்கள். குடி முழுகிப் போய்விடவில்லை. வாங்கியவர்கள் மறுபடி எடுத்து ஆடினார்கள், அவ்வளவுதான். சம்பளமில்லாத ரசிகர்கள் ஓய்வு நேரத்தில் செய்து முடித்த காரியம், இத்தனை பெரிய கம்பெனிக்கு எம்மாத்திரம்?

"எது எங்கே இருக்க வேண்டும் என்று படைத்தவர்கள் யோசித்து வைத்திருக்கிறார்களே, அதைக் குலைக்கலாமா?" என்பது நியாயமான ஆட்சேபணை. மாஜிகார்ப்பின் கதையை நாம் மேலே சொன்னோம். முதல் தடவை ஆடுகிற பிள்ளைக்குக் கலைத்த ஆட்டத்தைக் கொடுத்தால், அந்த மீன் சர்ப்பமாகும் அதிசயம் அவனுக்குக் கிடைக்காமலே போகும். ஆகவே மூல ஆட்டத்தை ஒரு தடவை ஆடி ஜயித்தவனுக்கு மட்டும் கலைக்கும் கதவு திறக்கும்படி வைக்கட்டும். இன்று இணையத்தில் பிறர் ஆடுவதைப் பார்த்துவிட்டு, நேரே கலைத்த ஆட்டத்தில் குதிக்கும் சிறுவர்கள் இருக்கிறார்கள். எது தாறுமாறு என்று தெரிய வேண்டுமானால், ஒழுங்கு எது என்று முதலில் தெரிய வேண்டும் அல்லவா? இந்த ஒழுங்குமுறையை ரசிகர்களின் புரோகிராம் விதிக்க முடியாது. கம்பெனி விதிக்க முடியும். அதற்காகவேனும் இக்காரியம் கம்பெனியின் கையில் இருப்பது நல்லது.

இன்னொரு சௌகரியமும் உண்டு. கலைப்பதற்கு ராண்டமைசர் ஒரு நீண்ட எண்ணைப் பயன்படுத்துகிறது. அதை 'விதை' என்கிறார்கள். ஒரே மூல ஆட்டம், ஒரே புரோகிராம், ஒரே கட்டுப்பாடுகள், ஒரே விதை எண் என்று வைத்துக் கொண்டால், கலைந்து கிடைக்கும் உலகமும் ஒன்றாகவே இருக்கும். இந்த வழியாக, வேறு வேறு ஊரில் இருக்கும் இரண்டு நண்பர்கள் ஒரே விசித்திர தேசத்துக்குள் ஒரே சமயத்தில் நுழைந்து, யார் முதலில் கரையேறுவது என்று பந்தயம் வைக்கிறார்கள். "மூன்றாவது ஊரில் மீனவன் என்ன வைத்திருக்கிறான், பார்த்தாயா?" என்று ஒருவன் கேட்க, "நான் இன்னும் அங்கே போகவில்லை, சொல்லிவிடாதே!" என்று மற்றவன் காதைப் பொத்திக் கொள்கிறான். 1996இல் டஜிரியின் ஆட்டம் இரண்டு சிறுவர்களைச் சேர்த்து வைத்தது ஒரு கம்பியினால். இதற்குக் கம்பிகூட வேண்டாம். ஆரம்பத் திரையில் விதை எண்ணைத் தட்டுவதற்கு ஒரு கட்டம் போதும். பழைய ஆட்டங்களை அடுத்த தடவை விற்பனைக்குக் கொண்டு வரும்போது, நின்டெண்டோ கம்பெனி அந்தக் கட்டத்தையும் சேர்த்துக் கொண்டு வரட்டும்.